முன் பிரேக்கைச் சொல்லிக்கொடுங்கள், மாஸ்டர்: ஓட்டுநர் பயிற்சிப் பள்ளிகளுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டில் ஓட்டுநர் பயிற்சிப் பள்ளி நடத்துகிறவர்களுக்கும், பக்கத்து சீட்டில் உட்கார்ந்து வண்டி கற்றுக்கொடுக்கும் மாஸ்டர்களுக்கும் வணக்கம்.

அரசுப் பேருந்து ஓட்டி ஓய்வு பெற்றவன் நான். பெரும்பாலும் திருச்சி – சென்னை தடம். இந்தக் கடிதத்தை ஆர்.டி.ஓ.வுக்கோ போலீஸுக்கோ எழுதாமல் உங்களுக்கு எழுதக் காரணம் இருக்கிறது. ஒருவர் தன் வாழ்நாளில் சாலையைப் பற்றி யாரிடமாவது பணம் கட்டிப் பாடம் கேட்கிறார் என்றால் அது உங்களிடம் மட்டும்தான். அதற்கு முன்னால் ஜனவரி மாதத்தில் பள்ளிக்கூட ஊர்வலம், கையில் ஒரு வாசக அட்டை. அதற்குப் பின்னால் எப்போதாவது ஓர் அபராத ரசீது. நடுவில் ஆசிரியர் என்று சொல்ல நீங்கள்தான் இருக்கிறீர்கள்.

2022-ஆம் ஆண்டில் இந்தியச் சாலைகளில் 1,68,491 பேர் இறந்ததாக மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் அறிக்கை சொல்கிறது. விபத்துகளின் எண்ணிக்கையில் நாட்டிலேயே முதலிடம் தமிழ்நாட்டுக்கு: 64,105. இறந்தவர்கள் 17,884 பேர்; அதில் உத்தரப் பிரதேசத்துக்கு அடுத்த இடம் நமக்கு. நாள் கணக்கில் பார்த்தால் 49 பேர் வருகிறது. நான் ஓட்டிய பஸ்ஸில் ஏறக்குறைய அவ்வளவு பேர்தான் உட்கார்ந்து வருவார்கள். தினமும் ஒரு பஸ் நிறைய ஆட்கள் கிளம்பி, ஒருவர்கூட வீடு போய்ச் சேரவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். நாட்டில் அந்த ஆண்டு இறந்தவர்களில் 44.5 சதவீதம் பேர் இருசக்கர வாகனத்தில் போனவர்கள். அதனால் இருசக்கர வாகனத்திலிருந்தே தொடங்குகிறேன்.

உங்கள் பள்ளிக்கு வருகிறவர்களில் பலர் கேட்பது கார் வகுப்பு. டூவீலருக்கென்று தனியாக வகுப்பு நடத்தும் பள்ளிகள் குறைவு. "டூவீலரும் சேர்த்துப் போட்டுடலாமா?" என்று கேட்பீர்கள். எல்.எல்.ஆர். (பழகுநர் உரிமம்) எடுத்துக் கொடுப்பீர்கள். தேர்வன்று மைதானத்துக்கு அழைத்துப் போய் உங்கள் ஸ்கூட்டரைக் கொடுப்பீர்கள். காலை ஊன்றாமல் '8' போட்டுவிட்டால் வேலை முடிந்தது. இது உங்கள் மேல் குற்றம் சொல்வதற்காக இல்லை. வருகிற பையன் ஏற்கெனவே மூன்று நான்கு வருடமாக அப்பாவின் பைக்கை ஓட்டிக்கொண்டிருக்கிறான். 'இவனுக்குத்தான் ஓட்டத் தெரியுமே' என்று நீங்களும் நினைக்கிறீர்கள், அவனும் நினைக்கிறான், அவன் வீட்டிலும் நினைக்கிறார்கள்.

அவனுக்கு வண்டியை நகர்த்தத் தெரியும். நிறுத்தத் தெரியுமா என்று கேட்டுப் பாருங்கள். "திடீரென்று ஒரு குழந்தை குறுக்கே ஓடி வந்தால் எந்த பிரேக் பிடிப்பாய்?" என்று கேளுங்கள். பத்தில் எட்டுப் பேர் பின் பிரேக் என்பார்கள் என்பது என் அனுபவம். "முன் பிரேக் பிடிச்சா வண்டி கவுந்துடும்" என்று யாரோ சின்ன வயதில் சொல்லிவைத்தது அப்படியே தங்கிவிட்டது. '8' போடுகிற வேகத்தில் பிரேக்குக்கே வேலை இல்லை என்பதால், தேர்விலும் இந்தத் தப்பு வெளியே வருவதில்லை.

பிரேக் பிடித்ததும் வண்டியின் பாரம் முன் சக்கரத்துக்குப் போகிறது. பின் சக்கரம் லேசாகிறது. அந்த நேரத்தில் பின் பிரேக்கை மட்டும் ஓங்கி மிதித்தால் சக்கரம் நின்றுபோய், வண்டி வழுக்கிக்கொண்டு போகும், நிற்காது. நிறுத்துகிற வலுவில் பெரும்பங்கு முன் பிரேக்கில்தான் இருக்கிறது. கைப்பிடியை நேராக வைத்து, இரண்டையும் சேர்த்து, முன் பிரேக்கை ஒரேயடியாகப் பிடிக்காமல் விரலால் அழுத்தம் கூட்டிக்கொண்டே போக வேண்டும். வளைவில் சாய்ந்திருக்கும்போதும், மணலும் ஜல்லியும் கிடக்கும் இடத்திலும் முன் பிரேக்கை வெடுக்கென்று பிடிக்கக் கூடாது. இதைச் சொல்ல இரண்டு நிமிடம் போதும். உடம்புக்குப் பழக ஒரு காலி மைதானமும் ஒரு மணி நேரமும் வேண்டும். முதலில் 20 கிலோமீட்டர் வேகத்தில், அப்புறம் 30, அப்புறம் 40. தரையில் சாக்பீஸால் ஒரு கோடு போட்டு, கோட்டில் பிரேக் பிடிக்கத் தொடங்கி எங்கே நிற்கிறான் என்று குறித்துக் காட்டுங்கள். பின் பிரேக்கில் மட்டும் எவ்வளவு தூரம், இரண்டிலும் சேர்த்து எவ்வளவு தூரம் என்று அவன் கண்ணாலேயே பார்க்கட்டும். அதற்குப் பிறகு அவனிடம் விளக்கிச் சொல்ல வேண்டியது எதுவும் இருக்காது.

2019 ஏப்ரல் முதல் 125 சிசிக்கு மேற்பட்ட புது பைக்குகளுக்கு ஏ.பி.எஸ். (பிரேக் பிடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் தடுக்கும் அமைப்பு) கட்டாயம், அதற்குக் கீழே உள்ளவற்றில் இரண்டு பிரேக்கும் சேர்ந்து பிடிக்கும் அமைப்பாவது இருக்க வேண்டும். வண்டியில் ஏ.பி.எஸ். இருப்பது பையனுக்குத் தெரியும். அது வேலை செய்யும்போது பிரேக் நெம்புகோல் விரலுக்கடியில் துடிக்கும் என்பது தெரியாது. ஏதோ உடைந்துவிட்டது என்று பயந்து பிடியை விட்டுவிடுகிறவர்கள் உண்டு. அந்தத் துடிப்பை ஒரு முறையாவது மைதானத்தில் உணரவையுங்கள்.

ஹெல்மெட் பற்றி நீங்கள் சொல்லாமல் இருக்க மாட்டீர்கள். தாடைப் பட்டையைப் பற்றியும் சொல்லுங்கள். பட்டை மாட்டாத ஹெல்மெட் ஆளுக்கு முன்னால் பறந்து போய்விடும். 2022-இல் ஹெல்மெட் போடாமல் இறந்தவர்கள் நாட்டில் 50,029 பேர். அதில் 14,337 பேர் பின்னால் உட்கார்ந்து வந்தவர்கள். பின் சீட்டில் அம்மா, மனைவி, பிள்ளை. முன்னால் இருப்பவருக்கு ஒன்று, பின்னால் இருப்பவருக்கு ஒன்று என்று உங்கள் பள்ளியிலேயே இரண்டு ஹெல்மெட் மாட்டி வைத்திருந்தால், வகுப்புக்கு வருகிறவருக்குப் பேச்சில்லாமல் புரியும். சேலைத் தலைப்பும் துப்பட்டாவும் சக்கரத்தில் மாட்டாமல் எப்படிச் செருக வேண்டும் என்பதும் வண்டி ஓட்டுகிற பாடத்தில் சேர்ந்ததுதான்.

சரி, கார் வகுப்புக்கு வருகிறேன்.

மத்திய மோட்டார் வாகன விதிகள் 1989-இன் 31-ஆம் விதி உங்களுக்குத் தெரியாதது இல்லை. சொந்த உபயோகத்துக்குக் கார் கற்றுக்கொள்பவருக்குக் குறைந்தது 21 நாள் பயிற்சி, அதில் ஸ்டீயரிங் பிடித்து ஓட்டும் நேரம் மட்டும் குறைந்தது 10 மணி நேரம். அரை மணி வகுப்பு என்றால் 20 வகுப்பு, அதுவும் அந்த அரை மணியும் அவர் ஒருவரே ஓட்டினால். ஒரே காரில் மூன்று பேரை ஏற்றிக்கொண்டு, ஒருவரை வீட்டில் கூப்பிட்டு, இன்னொருவரை ஆபீஸில் இறக்கிவிட்டு, நடுவில் ஆளுக்குப் பத்து நிமிடம் என்று ஓடும் வண்டிகளை நான் ரோட்டில் பார்க்கிறேன். படிவம் 15 என்று ஒரு பதிவேடு இருக்கிறதே, யார் எத்தனை மணி நேரம் ஓட்டினார் என்று எழுதுவது, அதில் எழுதுகிற நேரமும் அவர் ஓட்டிய நேரமும் ஒன்றாக இருக்கட்டும். அதற்கு இப்போது வாங்கும் பணம் போதாது என்றால் கட்டணத்தைக் கூட்டுங்கள். பல லட்சம் கொடுத்துக் கார் வாங்குகிறவர் ஓட்டக் கற்றுக்கொள்ள இன்னும் சில ஆயிரம் கொடுக்கட்டும். எதற்காகக் கூட்டுகிறீர்கள் என்று சொன்னால் கொடுப்பார்கள்.

அப்புறம் அந்த இரட்டைக் கட்டுப்பாடு. உங்கள் காலடியிலும் கிளட்சும் பிரேக்கும் இருப்பதால் வகுப்பு பத்திரமாக நடக்கிறது. அதில் ஒரு சிக்கலும் இருக்கிறது. சிக்னலில் வண்டி அழகாக நின்றது என்று கற்றுக்கொள்பவர் நினைக்கிறார். நிறுத்தியது உங்கள் கால். மேட்டில் வண்டி பின்னால் உருளவில்லை. பிடித்தது உங்கள் கால். லைசென்ஸ் வாங்கித் தன் சொந்தக் காரில் முதல் முறை தனியாக உட்காரும்போதுதான் அவருக்கு அது தெரியவருகிறது. கார் ஷெட்டிலேயே நிற்கிறது. இப்படி லைசென்ஸை பீரோவில் வைத்துவிட்ட பெண்கள் எனக்குத் தெரிந்தே பலர். "எனக்கு வரல" என்கிறார்கள். அவர்களுக்கு வரும். அவர்கள் கையில் வண்டியை யாரும் கொடுத்ததே இல்லை.

உங்களிடம் நான் கேட்பது, நீங்கள் பெடலைத் தொடும் ஒவ்வொரு முறையும் வாய்விட்டுச் சொல்லுங்கள்: "இப்போ பிரேக் நான் மிதிச்சேன்." முதல் வாரம் அடிக்கடி சொல்ல வேண்டியிருக்கும். மூன்றாவது வாரத்தில் அது குறைய வேண்டும். கடைசி வகுப்புகளில் ஒரு முறைகூடச் சொல்லாமல் வண்டி போய் வந்தால்தான் அவர் கற்றுக்கொண்டார் என்று அர்த்தம். காலைப் பெடலுக்கு மேலே தயாராக வைத்திருங்கள், அவசரம் என்றால் மிதியுங்கள், ஆனால் தெரியாமல் உதவி செய்யாதீர்கள்.

கத்தவும் கத்தாதீர்கள். நடு ரோட்டில் சத்தம் போட்டால் கற்றுக்கொள்பவரின் கண் ரோட்டை விட்டு உங்கள் முகத்துக்குத் திரும்புகிறது. அந்த ஒரு நொடியில் 40 கிலோமீட்டர் வேகத்தில் வண்டி 11 மீட்டர் போய்விடுகிறது.

வகுப்புகள் எல்லாம் காலை ஆறிலிருந்து எட்டு மணிக்குள், நாலு தெரு சுற்றி, ஊர் ஓரத்தில் ஒரு நேர் ரோட்டில். ஆரம்பத்துக்கு அது சரி. அதே ஆள் அடுத்த மாதம் குடும்பத்தோடு திருப்பதிக்கோ குலதெய்வம் கோயிலுக்கோ கிளம்பிவிடுவார். இரவில் ஒரு தடவையும், மழையில் ஒரு தடவையும், நான்குவழிச் சாலையில் ஒரு தடவையும் உங்களோடு ஓட்டிப் பார்த்துவிட்டுப் போனால் எவ்வளவு நல்லது. இரவில் எதிர் வண்டியின் வெளிச்சம் கண்ணைக் குத்தும்போது அந்த வெளிச்சத்தைப் பார்க்காமல் சாலையின் இடது ஓரக் கோட்டைப் பார்த்து ஓட்ட வேண்டும் என்பது உங்களுக்கும் எனக்கும் பழகிப்போன விஷயம். புதிதாக வருகிறவர் வெளிச்சத்தையே முறைத்துப் பார்ப்பார், அல்லது பதிலுக்குத் தானும் பிரைட் போடுவார். டிம்மில் எவ்வளவு தூரம் தெரிகிறதோ அந்தத் தூரத்துக்குள் நிறுத்த முடிகிற வேகம்தான் இரவு வேகம். சாலையோரத்தில் பின்விளக்கு இல்லாமல் நிற்கும் லாரியும், வெளிச்சம் பட்டால் மின்னும் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டாத கரும்பு டிராக்டரும் நம் ஊரில் எங்கே வேண்டுமானாலும் இருக்கும்.

முன் வண்டியோடு இடைவெளி விடுவதை மீட்டரில் சொன்னால் யாருக்கும் பிடிபடாது. 60 கிலோமீட்டர் வேகத்தில் ஒரு நொடிக்கு ஏறக்குறைய 17 மீட்டர். முன்னால் போகும் வண்டி ஒரு கம்பத்தைத் தாண்டியதும் "ஆயிரத்து ஒன்று, ஆயிரத்து இரண்டு, ஆயிரத்து மூன்று" என்று எண்ணச் சொல்லுங்கள். மூன்று எண்ணி முடிக்கும் முன்னால் நாம் அந்தக் கம்பத்தைத் தொட்டுவிட்டால் ஒட்டிப் போகிறோம் என்று அர்த்தம். மழையில் ஆறு வரை எண்ண வேண்டும்.

பஸ்ஸும் லாரியும் எப்படித் திரும்பும் என்பதை ஒரு டிரைவராக உங்களிடம் கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசைப்படுகிறேன். இடது பக்கம் ஒரு குறுகலான தெருவுக்குள் பஸ்ஸைத் திருப்ப வேண்டுமென்றால் முதலில் முகத்தை வலது பக்கம் கொஞ்சம் கொண்டுபோக வேண்டும். அப்போது இடது ஓரத்தில் ஓர் இடைவெளி திறக்கும். பின்னால் வருகிற ஸ்கூட்டர்காரருக்கு அது வழி விட்ட மாதிரித் தெரியும், உள்ளே புகுந்துவிடுவார். பஸ் இடது பக்கம் ஒடிக்கும்போது பின் சக்கரம் முன் சக்கரம் போன தடத்தில் போகாது, உள்பக்கமாக அறுத்துக்கொண்டு வரும். அந்த இடத்தில்தான் அவர் நிற்கிறார். டிரைவர் சீட்டிலிருந்து பார்த்தால் இடது பக்கம், முன் கதவுக்குக் கீழே, ஓர் ஆளும் ஒரு ஸ்கூட்டரும் முழுசாக மறைந்துபோகும் இடம் இருக்கிறது. நான் எவ்வளவு கழுத்தை நீட்டிப் பார்த்தாலும் கண்ணாடியில் தெரியாது.

இதை வாயால் சொல்லி நம்பவைக்க முடியாது. உங்களுக்குத் தெரிந்த லாரி செட்டுக்கோ ஒரு தனியார் பஸ் நிற்கும் இடத்துக்கோ மாணவர்களைக் கூட்டிப்போங்கள். நின்றுகொண்டிருக்கும் வண்டியின் டிரைவர் சீட்டில் ஒவ்வொருவராக ஏற்றி உட்காரவையுங்கள். இடது பக்கம் ஒரு ஸ்கூட்டரை நிறுத்தி, அதில் ஒருவரை ஹெல்மெட்டோடு உட்காரவைத்து, "அந்த ஆள் தெரிகிறாரா?" என்று கேளுங்கள். இறங்கி வந்தபிறகு அவர்கள் யாரும் பஸ்ஸின் இடது பக்கம் நுழைய மாட்டார்கள். என் சர்வீஸில் எத்தனையோ பேரைக் கை தட்டிக் கத்தி நிறுத்தியிருக்கிறேன். பஸ் டிரைவருக்கு என்ன இவ்வளவு கோபம் என்றுதான் அவர்கள் நினைத்திருப்பார்கள்.

நான்குவழிச் சாலையில் டிவைடர் திறப்பைக் கடப்பதையும் பாடமாக வையுங்கள். செங்கல்பட்டிலிருந்து உளுந்தூர்ப்பேட்டை தாண்டியும், ஊருக்கு ஊர் இந்தத் திறப்புகளில் வண்டிகள் தலையை மட்டும் நீட்டிக்கொண்டு நிற்கும். வண்டியின் பின்பகுதி, மற்ற வண்டிகள் வேகமாக வருகிற தடத்தில் கிடக்கும். 100 கிலோமீட்டர் வேகத்தில் வரும் கார் ஒரு நொடியில் 28 மீட்டர் வருகிறது. பைக்கில் ஒரு பக்கச் சாலையைக் கடக்க ஐந்து நொடி ஆகிறது என்றால், 140 மீட்டருக்கு அப்பால் சின்னதாகத் தெரிந்த கார் அதற்குள் மேலே வந்துவிடும். கிராமத்துக்காரர் எதிர்த்திசையில் ஓரமாக வருவதற்கும் ஒரு காரணம் இருக்கிறது: அடுத்த திறப்பு தொலைவில் இருக்கிறது, பெட்ரோல் செலவு, அவர் தோட்டம் இந்தப் பக்கம். அந்தக் காரணம் எனக்குப் புரிகிறது. ஆனாலும் வளைவில் அவரை நேருக்கு நேர் பார்க்கிற டிரைவருக்கு ஒதுங்க இடம் இருக்காது. ராங் சைடில் போகாதே என்று சொல்வதோடு நிற்காமல், ராங் சைடில் ஆள் வருவார் என்று எதிர்பார்த்து ஓட்டவும் கற்றுக்கொடுங்கள்.

சைகைகள் விஷயத்தில் நம் ஊரில் பெரிய குழப்பம் இருக்கிறது. நாற்சந்தியில் நேராகப் போகிறேன் என்று காட்ட நான்கு இண்டிகேட்டரையும் எரியவிடுகிறார்கள். பக்கத்துச் சாலையில் நிற்பவருக்கு அதில் ஒரு விளக்குதான் கண்ணுக்குத் தெரியும். வண்டி தன் பக்கம் திரும்புகிறது என்று நினைத்து நகர்ந்துவிடுவார். அந்த நான்கு விளக்கும் பழுதாகி நிற்கும் வண்டிக்கு உரியவை. லாரி வலது இண்டிகேட்டர் போட்டால் 'திரும்பப் போகிறேன்' என்றும் இருக்கலாம், 'ஏறிப் போ' என்றும் இருக்கலாம். அதை நம்பி ஓவர்டேக் செய்யக் கூடாது. ஹெட்லைட்டை அடித்துக் காட்டினால் வழி கிடைத்துவிட்டது என்று பொருள் இல்லை. கிளைச் சாலையிலிருந்து வருகிறவர் பெரிய சாலையில் போகிறவருக்கு வழி விட வேண்டும், ரவுண்டானாவில் ஏற்கெனவே சுற்றிக்கொண்டிருப்பவருக்கு முன்னுரிமை என்பதெல்லாம் 2017-இல் வந்த வாகன ஓட்டுதல் ஒழுங்குமுறைகளில் எழுதியே இருக்கிறது. எல்.எல்.ஆர். தேர்வுக்கு விடை மனப்பாடம் செய்தவருக்கு இது தெரிந்திருக்கலாம். ஒரு ரவுண்டானாவுக்கு நேரில் கூட்டிப்போய் ஓரமாக நின்று, யார் யாருக்கு வழி விட வேண்டும் என்று கை காட்டிச் சொன்னால்தான் மனதில் ஏறும்.

கார் கற்றுக்கொள்பவருக்கான பாடத்திட்டத்தில் முதலுதவியும் இருக்கிறது, பொதுமக்களிடம் நடந்துகொள்ளும் விதமும் இருக்கிறது. அதை நடத்துகிற பள்ளியை நான் இதுவரை பார்க்கவில்லை. ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள். அடிபட்டவருக்குத் தண்ணீர் கொடுக்கக் கூடாது, கழுத்தை அசைக்கக் கூடாது, ரத்தம் வரும் இடத்தில் சுத்தமான துணி வைத்து அழுத்திப் பிடிக்க வேண்டும், 108-க்கு இடத்தைச் சரியாகச் சொல்ல வேண்டும். உதவி செய்தவரைப் போலீஸும் ஆஸ்பத்திரியும் தொந்தரவு செய்யக் கூடாது என்று 2019 மோட்டார் வாகனத் திருத்தச் சட்டத்தில் 134ஏ பிரிவு இருக்கிறது. 2021 டிசம்பரில் தொடங்கிய 'நம்மைக் காக்கும் 48' திட்டத்தில், பட்டியலில் உள்ள தனியார் ஆஸ்பத்திரியிலும் முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்கு, வரம்புக்கு உட்பட்டு, அரசு பணம் கொடுக்கிறது. இது தெரியாமல்தான் பலர் வண்டியை நிறுத்தாமல் போகிறார்கள்.

பெற்றோர் பதினைந்து, பதினாறு வயதுப் பிள்ளைக்கு வண்டி வகுப்பு கேட்டு உங்களிடம் வந்தால் முடியாது என்று சொல்லுங்கள். சிறுவன் ஓட்டி மாட்டினால் வண்டி கொடுத்த பெற்றோருக்கோ உரிமையாளருக்கோ மூன்று ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும், வண்டியின் பதிவு ஓர் ஆண்டுக்கு ரத்து, அந்தப் பிள்ளைக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது என்று அதே சட்டத்தின் 199ஏ பிரிவு சொல்கிறது. இதை உங்கள் பலகையில் எழுதி வைத்தால் பாதிப் பேர் படித்துவிட்டே திரும்பிப் போவார்கள்.

2021 ஜூலை முதல் அங்கீகரிக்கப்பட்ட ஓட்டுநர் பயிற்சி மையங்கள் என்று ஒரு புது ஏற்பாடு வந்திருக்கிறது. அங்கே காருக்கு 29 மணி நேரப் பயிற்சி, தேர்ச்சி பெற்றால் ஆர்.டி.ஓ. ஆபீஸில் ஓட்டிக் காட்ட வேண்டியதில்லை. பெரிய மையங்கள் வந்தால் தங்கள் பிழைப்பு என்னாகும் என்ற கவலை சின்னப் பள்ளி நடத்துகிறவர்களுக்கு இருக்கும். அது நியாயமான கவலைதான். ஊர் ரோடு தெரிந்தவர் நீங்கள். எந்த வளைவில் மணல் கிடக்கும், எந்தப் பள்ளிக்கூட வாசலில் எத்தனை மணிக்குக் கூட்டம், எந்தச் சந்தைக்கு மாட்டு வண்டி வரும் என்று, திரையைப் பார்த்து ஓட்டிப் பழகும் எந்த சிமுலேட்டரும் சொல்லித்தராது. '8' போடவைத்து அனுப்பும் வேலையை யாரும் செய்துவிடலாம். ஊர்ச் சாலையைச் சொல்லித்தருவது உங்கள் கையில்தான் இருக்கிறது.

என்னைப் போல ஓய்வுபெற்ற ஓட்டுநர்கள் ஒவ்வோர் ஊரிலும் இருக்கிறார்கள். பலர் நீண்ட காலம் விபத்தில்லாமல் ஓட்டியவர்கள். வீட்டில் சும்மாதான் இருக்கிறோம். உங்கள் ஊர் டிப்போவில் விசாரித்தால் யார் யார் என்று சொல்வார்கள். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பஸ்ஸின் மறைவிடமும் இரவு ஓட்டமும் பற்றி உங்கள் மாணவர்களுக்கு ஒரு மணி நேரம் பேச எங்களைக் கூப்பிடுங்கள். பணம் எதுவும் வேண்டாம். நிறுத்தி வைத்த ஒரு பஸ்ஸோ லாரியோ மட்டும் ஏற்பாடு செய்துவிடுங்கள், ஸ்கூட்டரை நாங்களே கொண்டுவருகிறோம்.

அன்புடன்,
ஓர் ஓய்வுபெற்ற அரசுப் பேருந்து ஓட்டுநர்